கழுதையும் கேஷுவல் லீவும்

ஜான் ஆபிரகாம் என்றால் இந்தி நடிகரைச் சொல்லவில்லை. 1987 மே மாதக் கடைசியில் கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்தின் மேலிருந்து விழுந்து இறந்துபோன மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமைச் சொல்கிறேன். அவர் பேச்சை எடுத்தால் போதும், எதிரே இருப்பவர் உடனே ஒரு குடிக்கதையை எடுத்துவிடுவார். எந்த ஊர்த் திண்ணையில் படுத்துக் கிடந்தார், யாருடைய சட்டையைப் போட்டுக்கொண்டு போனார், பஸ்ஸுக்கு என்று வாங்கிய காசை எங்கே செலவழித்தார் என்று நீளும். அவரை நேரில் பார்க்காதவர்களிடம்கூட இப்படி ஒன்று இருக்கும். நானும் நிறையக் கேட்டிருக்கிறேன். பாதிக்கு மேல் ஒரே கதைதான் வேறு வேறு ஊர்ப் பெயர்களில் உலவுகிறது என்று எனக்குச் சந்தேகம்.

நான் அவரைப் பார்த்ததில்லை. எனக்கு அவர் வந்து சேர்ந்தது தகர டப்பாக்களில், கோவை ஜங்ஷன் பார்சல் ஆபீஸ் வழியாக. அப்போது பகலில் நான் எல்.ஐ.சி.யில் குமாஸ்தா. சாயங்காலங்களிலும் ஞாயிற்றுக்கிழமைகளிலும் தியேட்டருக்கு வராத நல்ல படங்களை வரவழைத்துப் பார்க்கும் ஒரு ஃபிலிம் சொசைட்டிக்கு 16 எம்.எம். புரொஜெக்டர் ஓட்டுபவன். இரண்டாவதற்குச் சம்பளம் கிடையாது. ஆனால் வீட்டில் அதைத்தான் வேலை என்பார்கள். "இன்னிக்கு வேலை இருக்குதுங்களா, சாப்பிட வருவீங்களா?" என்று காலையிலேயே கேள்வி வரும். ஆகவே இதைப் பணி அனுபவம் என்று எழுதுவதில் எனக்குக் கூச்சம் ஏதுமில்லை.

ஜானும் எல்.ஐ.சி.க்காரர்தான். 1937-இல் பிறந்தவர், படிப்பு முடிந்து பெல்லாரியில் எல்.ஐ.சி. வேலையில் இருந்தவர். அதை உதறிவிட்டுப் புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனார். 245 காப்பீட்டு நிறுவனங்களையும் சங்கங்களையும் சேர்த்து 1956-இல் தேசியமயமாக்கி உண்டான நிறுவனம் எல்.ஐ.சி. அறுபதுகளில் அதில் ஒரு நாற்காலி கிடைத்துவிட்டால் பெண் வீட்டார் ஜாதகத்தோடு வர ஆரம்பித்துவிடுவார்கள். எங்கள் ஆபீஸில் மதியச் சாப்பாட்டு நேரத்தில் இந்தத் தகவலைச் சொன்னபோது, ரிட்டயராகப் போகும் ஒரு பெரியவர் கேட்டது ஒரே கேள்விதான்: "பி.எஃப். பணத்தையாவது எடுத்தானா?"

புனேயில் ஜானுக்கு ஆசிரியராக வாய்த்தவர் வங்காள இயக்குநர் ரித்விக் கட்டக். பின்னாளில் இந்தியில் மாற்றுப் படங்கள் எடுத்த மணி கௌல், குமார் சஹானி எல்லாம் அந்தக் காலத்து மாணவர்கள். மணி கௌலின் முதல் படத்தில் ஜான் உதவியாளராக இருந்தார். 1972-இல் மாணவர்களை வைத்து முதல் படம், 1977-இல் தமிழில் 'அக்ரகாரத்தில் கழுதை', 1979-இல் நடிகர் அடூர் பாசியை வைத்துக் குட்டநாட்டுக் கதை ஒன்று, 1986-இல் 'அம்ம அறியான்'. முழுநீளப் படம் என்று எண்ணினால் அவ்வளவுதான். பதினைந்து வருஷத்தில் நாலு படம். குடிக்கதை சொல்பவர்கள் இந்த எண்ணிக்கையைக் காட்டித்தான் 'பாருங்க, வீணாப் போயிட்டார்' என்பார்கள். அது சரியான கணக்கு இல்லை என்பது புரொஜெக்டர் ஓட்டியவன் என்ற முறையில் என் கட்சி.

முதலில் அந்தப் புரொஜெக்டரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். 16 எம்.எம். என்பது தியேட்டர் ஃபிலிமில் பாதிக்கும் குறைந்த அகலம். ஒரு அடிக்கு 40 சட்டகம், அதாவது ஃப்ரேம். விநாடிக்கு 24 சட்டகம் ஓடினால் நிமிஷத்துக்கு 36 அடி. 1600 அடி ரீல் ஒன்று 44 நிமிஷத்துக்கு வரும். ஒன்றரை மணி நேரப் படம் என்றால் இரண்டு மூன்று டப்பா. சைக்கிள் கேரியரில் கட்டி எடுத்துப் போய்விடலாம். மிஷின்தான் பாரம். ஃபிலிமை மாட்டும்போது, லென்ஸுக்குப் பின்னால் வெளிச்சம் விழும் சின்ன ஜன்னலான 'கேட்'டுக்கு மேலே ஒரு வளையம், கீழே ஒரு வளையம் தளர்வாக விட வேண்டும். படம் கேட்டில் நின்று நின்று போகும். ஒலி எடுக்கும் உருளையிலோ நிற்காமல் ஓட வேண்டும். இரண்டுக்கும் நடுவே அந்தத் தளர்ச்சி இல்லாவிட்டால் ஃபிலிம் கிழியும். ஒரு சட்டகத்துக்கு உரிய சத்தம் அந்தச் சட்டகத்தின் பக்கத்தில் இருக்காது, 26 சட்டகம் முன்னால் பதிவாகியிருக்கும். கீழ் வளையம் கொஞ்சம் சின்னதாகிவிட்டால் உதடு ஒரு பக்கம், பேச்சு ஒரு பக்கம் போய்விடும். நம் ஊர்ச் சபையில் உடனே விசில் வராது. எல்லோரும் திரும்பி என்னைப் பார்ப்பார்கள். விசில் எவ்வளவோ தேவலை.

ஒட்டுப் போடுவதற்கு ஒரு சின்னக் கட்டையும் பிளேடும் சிமென்ட் புட்டியும் எப்போதும் பையில் இருக்கும். இந்தச் சிமென்ட் வீடு கட்டுவது அல்ல. ஃபிலிமைக் கரைத்து ஒட்டும் திரவம், நெடி மூக்கில் ஏறும். மறுநாள் காலை பிரீமிய ரசீது எழுதும்போதும் விரலில் அந்த வாசனை இருக்கும். பக்கத்து சீட்டு அம்மா, "சார், நேத்து படம் போட்டீங்களா?" என்று மூக்காலேயே கண்டுபிடித்துவிடுவார்.

சொசைட்டி உறுப்பினர்கள் யார் என்று பார்த்தால், எல்.ஐ.சி., பாங்க், தபால் தந்தி, கல்லூரி லெக்சரர்கள், மில் யூனியனில் நாலு பேர், ஒரு ஹோமியோபதி டாக்டர். இந்தியா முழுக்கவே ஃபிலிம் சொசைட்டிகளின் சேர்க்கை ஏறக்குறைய இதுதான். சத்யஜித் ராயைத் தலைவராக வைத்துக் கூட்டமைப்பு தொடங்கியது 1959-இல். தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் புனேயில் வந்தது 1964-இல். அங்கிருந்து பிரதி வரும், தூதரகங்களிலிருந்து வரும். வருவதற்குக் கடிதம் எழுத வேண்டும், டிராஃப்ட் எடுக்க வேண்டும், பார்சல் ஆபீஸில் நிற்க வேண்டும், ஹாலுக்கு முன்பணம் கட்ட வேண்டும், படம் முடிந்ததும் ரீலைப் பின்னோக்கிச் சுற்றிப் பரிசோதித்து அடுத்த ஊருக்கு ஏற்றிவிட வேண்டும். இதில் ஒன்றுகூடக் கலை கிடையாது. எல்லாமே ஆபீஸ் வேலை. ஃபைல் போடத் தெரிந்தவன், சலான் நிரப்பத் தெரிந்தவன், அதைவிட முக்கியமாக, மாதம் பிறந்தால் சம்பளம் வருகிறவன் செய்கிற வேலை. பிரதி வரும் நாளில் அரை நாள் சி.எல். போட வேண்டும். என்னுடைய கேஷுவல் லீவெல்லாம் ஆண்டுதோறும் இப்படித்தான் கரைந்தது. கல்யாணம், காதுகுத்துக்கு லீவு கிடையாது என்று சொந்தக்காரர்களிடம் கெட்ட பெயர் வேறு.

இந்த நாட்டில் மாற்றுப் படங்களுக்குப் பெரிய தயாரிப்பாளர் யாரென்று கேட்டால் நான் இந்த மாதச் சம்பளக்காரர்களைத்தான் காட்டுவேன். டைட்டிலில் பேர் வராத தயாரிப்பாளர்கள். ஜான் வேலையை விட்டுவிட்டுப் படம் எடுத்தார். அந்தப் படங்களைத் தூக்கிக்கொண்டு போய்க் காட்டியவர்கள் வேலையை விடாதவர்கள்.

'அக்ரகாரத்தில் கழுதை' எங்கள் கைக்கு வந்தபோது அது எடுக்கப்பட்டுச் சில வருஷங்கள் ஆகியிருந்தன. கறுப்பு வெள்ளை. திரைக்கதை எழுதியவர் விமர்சகர் வெங்கட் சாமிநாதன். ஒளிப்பதிவு ராமச்சந்திர பாபு. கதை இதுதான்: தாயை இழந்த ஒரு கழுதைக்குட்டி பேராசிரியர் ஒருவரிடம் வந்து சேர்கிறது. அவர் அதைத் தன் கிராமத்து அக்ரகாரத்துக்குக் கொண்டு போகிறார். வாய் பேசாத பெண் ஒருத்தி அதைப் பார்த்துக்கொள்கிறாள். ஊரில் எது நடந்தாலும் கழுதையால் வந்தது என்கிறார்கள். கடைசியில் அதை அடித்துக் கொல்கிறார்கள். கொன்ற பிறகு ஊரில் நல்லதாக நாலு காரியம் நடக்க, அதே கழுதைக்குக் கோயில் கட்டக் கிளம்புகிறார்கள். அந்த வருஷம் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது இதற்குத்தான். ஆனால் நம் ஊர்த் தியேட்டரில் பார்த்தேன் என்று சொன்ன ஒரு ஆளை நான் இதுவரை சந்திக்கவில்லை.

பேராசிரியராக நடித்தவர் எம்.பி. சீனிவாசன். இசையமைப்பாளர், சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவைத் தொடங்கியவர், சினிமா இசைக் கலைஞர்களுக்குச் சங்கம் கட்டியவர். நடிகர் அல்லாத ஒருவரை நாயகனாகப் போட்டது புதுமை என்று எழுதுவார்கள். எனக்கு வேறொன்று தோன்றும். வாத்தியம் வாசிப்பவர்களுக்கு உரிய கூலி வாங்கித் தரப் போராடிய மனுஷர் அவர். ஊர் முழுக்கச் சிரிக்கும்போது கழுதையைப் பிடித்துக்கொண்டு நடப்பதற்கு முகத்தில் ஒரு பொறுமை வேண்டுமே, அதை அவர் நடித்து வரவழைத்த மாதிரி தெரியாது.

இந்தப் படத்தைப் போடுவதற்கு ஒரு ஹால் பேசி முன்பணமும் கட்டியாகிவிட்டது. இரண்டு நாள் முன்னால் ஹால்காரர் கூப்பிட்டு, "தலைப்பு ஒரு மாதிரியா இருக்குதுங்களே சார்" என்றார். தலைப்பைத் தவிர அவருக்குப் படத்தைப் பற்றி ஒன்றும் தெரியாது. பணத்தைத் திருப்பித் தந்துவிட்டார், அந்த வரைக்கும் நல்லவர். இது ஊருக்குள் நடந்த சின்ன விஷயம். 1989-இல் தூர்தர்ஷனே இந்தப் படத்தை ஒளிபரப்புவதாக இருந்து, எதிர்ப்புக் கிளம்பியதும் கைவிட்டது. ஜான் இறந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. கழுதை இன்னும் ஊருக்குள் நுழைய முடியவில்லை.

யூனியன் நண்பர்தான் வழி சொன்னார். மில் தொழிலாளர்களின் சங்கக் கட்டடம், பீளமேட்டுப் பக்கம். மேலே ஆஸ்பெஸ்டாஸ் கூரை, ஜன்னலுக்குச் சாக்கு கட்டி இருட்டாக்கினோம். ராத்திரி ஷிப்டுக்குப் போகிறவர்கள் முன்னால் எழுந்து போகலாம் என்ற ஏற்பாடு. எங்களிடம் ஒரே மிஷின், ஆகவே ஒரு ரீல் முடிந்தால் விளக்கைப் போட்டுவிட்டு அடுத்ததை மாட்ட வேண்டும். எனக்குப் பிடித்த நேரம் அதுதான். சொசைட்டி உறுப்பினர்கள் மட்டும் இருக்கும் நாளில் அந்த ஐந்து நிமிஷம் கனமான மௌனமாக இருக்கும், யாராவது ஒருவர் பிரெஞ்சு இயக்குநர் பிரெஸ்ஸோன் பெயரை உச்சரிப்பார். (பிரெஸ்ஸோனும் 1966-இல் ஒரு கழுதையை வைத்துப் படம் எடுத்திருக்கிறார், பேச்சு அங்கே போவதில் தப்பில்லை.) இங்கே விளக்கு வந்ததும் பீடி பற்றவைத்தார்கள். முன்வரிசையில் இருந்த ஒருவர் என் பக்கம் திரும்பி, "ஏனுங்க, அந்தக் கழுதை யாரோடதுங்க? வாடகைக்குப் புடிச்சாங்களா, வெலைக்கு வாங்கிட்டாங்களா?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை என்றேன். "படம் முடிஞ்சதும் யார் வெச்சுக்கிட்டாங்கன்னு கேளுங்க" என்றார், ஏதோ நான் கேட்டுச் சொல்லக்கூடிய இடத்தில் இருப்பதுபோல.

அடுத்த இடைவெளிக்குள் கதை முற்றியிருந்தது. இறந்து பிறந்த குழந்தையைக் கோயில் முன்னால் கொண்டுவந்து போட்டுவிடுகிறார்கள், பழி கழுதை மேல் விழுகிறது. பின்னாலிருந்து ஒரு வயதான ஸ்பின்னிங் தொழிலாளி யாரிடமும் இல்லாமல் பொதுவாகச் சொன்னார்: "எங்க டிபார்ட்மெண்டுல மிஷின் நின்னுபோச்சுன்னா கடைசியாத் தொட்டவனுக்குத்தானுங்க மெமோ." சிலர் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. படத்தைப் பற்றி அப்புறம் எத்தனையோ கட்டுரைகள் படித்திருக்கிறேன், சாதி, சடங்கு, குறியீடு என்று. அந்த மெமோவுக்குப் பக்கத்தில் வைக்கத்தக்கதாக ஒன்றும் ஞாபகத்தில் தங்கவில்லை.

படத்தில் குறைகள் இருந்தன, அதை மறைக்க வேண்டியதில்லை. பேச்சும் படமும் சில இடங்களில் ஒட்டாமல் நிற்கும். முதல் தடவை ஓட்டும்போது என் வளையம் சரியில்லையோ என்று பதறி இரண்டு முறை குனிந்து பார்த்தேன். வளையம் சரியாகத்தான் இருந்தது.

இனி ஒடேசாவுக்கு வருகிறேன், விஷயமே அதில்தான் இருக்கிறது. 1984-இல் ஜானும் நண்பர்களும் கோழிக்கோட்டை மையமாக வைத்து ஒடேசா கலெக்டிவ் என்று ஒரு கூட்டமைப்பைத் தொடங்கினார்கள். 'போர்க்கப்பல் போட்டெம்கின்' என்ற பழைய ரஷ்ய மௌனப் படத்தில் வரும் ஒடேசா படிக்கட்டு ஞாபகமாக அந்தப் பெயர். படத்தயாரிப்பாளரும் வேண்டாம், விநியோகஸ்தரும் வேண்டாம், ஜனங்களிடமே காசு வாங்கிப் படம் எடுத்து ஜனங்களுக்கே காட்டுவது என்று திட்டம். சாப்ளினின் 'தி கிட்' படத்தை ஊர் ஊராக எடுத்துப் போய்ப் போட்டார்கள், பார்த்தவர்களிடம் வசூல் செய்தார்கள், வீடு வீடாக ஏறி இறங்கினார்கள். ஒரு ரூபாய் தந்தவரும் உண்டு. இப்படிச் சேர்ந்த பணத்தில்தான் 'அம்ம அறியான்' எடுக்கப்பட்டது. எடுத்த படத்தையும் டிக்கெட் வைக்காமல் ஊர் ஊராகக் கொண்டு போனார்கள்.

இதைக் கேட்டால் புரட்சி, கனவு என்று பேச ஆரம்பித்துவிடுவோம். நான் எல்.ஐ.சி. குமாஸ்தா, எனக்கு அது பிரீமிய வசூலாகத்தான் தெரிந்தது. பலரிடம் சின்னச் சின்னத் தொகை வாங்கி ஒரு பெரிய தொகை சேர்ப்பதில் உள்ள பாடு எனக்குத் தெரியும். வாங்குவது ஒரு பாடு என்றால் கணக்கு வைப்பது இரண்டு பாடு. ரசீது கொடுத்தாயா, எந்த ஊரில் யார் பொறுப்பு, சேர்ந்த பணம் எங்கே இருக்கிறது, படம் எப்போது வரும் என்று கேட்பவனுக்கு என்ன பதில். இந்த வேலையில் போன மாதங்களை ஜானின் திரைப்பட வாழ்க்கையில் யாரும் கணக்கில் எடுப்பதில்லை. படப்பிடிப்பு நடந்தால் வேலை, நடக்காவிட்டால் குடி என்று இரண்டு கட்டம் போட்டு முடித்துவிடுகிறார்கள். பிச்சைக்காரன் மாதிரி அலைந்தார் என்று சொல்லப்படும் கதைகளில் எத்தனை இந்த வசூல் அலைச்சலாக இருக்குமோ என்று நான் யோசித்திருக்கிறேன்.

ஜனங்களிடம் காசு சேர்த்துப் படம் எடுப்பது தமிழுக்கும் அந்நியம் இல்லை. 1960-இல் வந்த 'பாதை தெரியுது பார்' அப்படிப் பலர் பங்கு போட்டு எடுத்த படம். வங்காளத்திலிருந்து சென்னைக்கு வந்துவிட்ட நிமாய் கோஷ் இயக்கினார். இசை அதே எம்.பி. சீனிவாசன். 'தென்னங்கீற்று ஊஞ்சலிலே' என்று ஜெயகாந்தன் எழுதிய பாட்டு இன்றைக்கும் ரேடியோவில் வருகிறது. படம் போன இடம் தெரியவில்லை. எடுப்பதற்குக் கூடிய கைகள் அதைக் கொண்டு போய்க் காட்டுவதற்குக் கூடவில்லை, அந்த வேலையைத் தியேட்டர்காரர்களிடமே விட்டுவிட்டார்கள். ஒடேசாக்காரர்கள் மிஷினையும் தாங்களே தூக்கினார்கள் என்பதுதான் வித்தியாசம், என் கண்ணுக்கு.

அமெரிக்காவிலும் இந்தக் கதையின் சாயல் உண்டு. மாயா டெரன் என்ற சோதனைப் பட இயக்குநர் 1946-இல் நியூயார்க்கில் ஒரு சின்ன நாடக அரங்கை வாடகைக்குப் பிடித்துத் தன் படங்களைத் தானே போட்டார். அங்கேயே படம் எடுத்துவந்த யோனஸ் மேக்கஸ் 1962-இல் நண்பர்களோடு தொடங்கிய கூட்டுறவு அமைப்பு, யார் படம் கொண்டு வந்து கொடுத்தாலும் தேர்வு ஏதும் இல்லாமல் வாங்கி வாடகைக்கு விட்டது. 1964-இல் ஜாக் ஸ்மித்தின் படம் ஒன்றைத் திரையிட்டதற்காகப் போலீஸ் மேக்கஸைப் பிடித்துக்கொண்டு போனது. 'அண்டர்கிரவுண்ட்' படக்காரர்கள் என்றால் நாம் நினைப்பது கலகம், கஞ்சா, நீளமுடி. உள்ளே போய்ப் பார்த்தால் ஒருவர் உட்கார்ந்து எந்தப் பிரதி எந்த ஊருக்குப் போயிருக்கிறது என்று நோட்டில் எழுதிக்கொண்டிருப்பார்.

'அம்ம அறியான்' கோவைக்கு வந்தது ஜான் போன பிறகு. ஒடேசா நண்பர் ஒருவர் உக்கடத்தில் பாலக்காட்டு பஸ்ஸிலிருந்து டப்பாக்களோடு இறங்கினார். ரயிலில் பார்சல் போடலாமே என்று கேட்டதற்கு, "இல்லா, கையில் தன்னே வேணும்" என்று சிரித்தார். இருப்பதே சில பிரதிகள். ராத்திரி என் வீட்டில் தங்கினார். சாப்பிடும்போது ஜானைப் பற்றி ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தேன். அவர் பேசியதெல்லாம் எந்த ஊரில் கரண்ட் போனது, எந்தப் பஞ்சாயத்து மைதானத்தில் மழை வந்தது, ஒலி பல்ப் எங்கே சல்லிசாகக் கிடைக்கும் என்பது பற்றித்தான். நானும் அதைத்தான் கேட்டேன். இரண்டு ஆபரேட்டர்கள் சந்தித்தால் பேச்சு அப்படித்தான் போகும்.

படம் இப்படி: டில்லிக்குக் கிளம்பும் புருஷன் என்ற இளைஞன் வயநாட்டில் தூக்குப் போட்டு இறந்த ஒருவனின் சடலத்தைப் பார்க்கிறான். தெரிந்த முகமாக இருக்கிறது. ஹரி என்ற தபேலாக்காரன் என்று தெரிய வருகிறது. அவன் தாயிடம் சொல்ல வேண்டும். வழியெல்லாம் ஹரியின் நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு, கோழிக்கோடு, திருச்சூர் என்று கொச்சி வரை போகிறார்கள். புருஷன் தன் தாய்க்கு எழுதும் கடிதமாகப் படம் நகர்கிறது. போகிற வழியில் அந்தந்த ஊரில் நடந்த போராட்டங்களும் வந்து சேர்கின்றன. புருஷனாக நடித்த ஜாய் மாத்யூ பிற்காலத்தில் தானே 'ஷட்டர்' படத்தை இயக்கினார். ஒளிப்பதிவு வேணு, அந்த வருஷத்துத் தேசிய விருது அவருக்கு இதற்கும் சேர்த்துக் கிடைத்தது. எடிட்டிங் பீனா பால். ஆள் சேர்ந்துகொண்டே போகிறார்கள், நடக்கிறார்கள், கதவைத் தட்டுகிறார்கள். வசூலுக்கு ஏறி இறங்கிய அதே நடை படத்துக்குள்ளும் இருப்பதாக எனக்குப் பட்டது. இது என் ஊகம்தான்.

மொழிதான் சிக்கல். எங்கள் பிரதியில் சப்டைட்டில் இல்லை. தபால் ஆபீஸில் வேலை பார்த்த பாலக்காட்டு நண்பர் மைக்கைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நின்று சுருக்கிச் சொல்வது என்று ஏற்பாடு. முதல் ரீலில் ஒழுங்காகச் சொன்னார். இரண்டாவதில் இடைவெளி விட்டுவிட்டுச் சொன்னார். மூன்றாவதில் மைக்கைக் கீழே வைத்துவிட்டுப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். யாரும் கேட்கவும் இல்லை. சில இடங்களில் படம் இழுத்தது உண்மை. நாற்காலி கிறீச்சிடும் சத்தத்தை வைத்தே ஆபரேட்டருக்குத் தெரிந்துவிடும். ஆனால் எழுந்து போனவர்கள் குறைவு, அதுவும் கடைசி பஸ்ஸுக்காக.

முடிந்ததும் துண்டை விரித்தோம். நோட்டைவிடச் சில்லறை அதிகம். எண்ணும் வேலை என் தலையில். பணம் எண்ணியே பழகிய கை என்பதால் யாரும் சரிபார்க்கவில்லை, நானாகத்தான் இரண்டாம் தடவை எண்ணி ஒரு தாளில் எழுதி ஒடேசா நண்பரிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டேன். அவர் அந்தத் தாளை மடித்து, இதே மாதிரி வேறு ஊர்த் தாள்கள் இருந்த ஒரு பழைய டைரிக்குள் வைத்தார்.

இந்த முறைக்கு ஒரு விலையும் உண்டு. படம் வெளியாகி ஒரு வருஷத்தில் ஜான் போய்விட்டார், ஐம்பது வயது நிறையவில்லை. அந்த அளவில் இன்னொரு கதைப்படம் ஒடேசாவால் எடுக்க முடியவில்லை. ஒடேசா சத்யன் மட்டும் விடாமல் ஆவணப்படங்கள் எடுத்துக்கொண்டு 2014-இல் தான் இறக்கும் வரை அதே பெயரை ஓட்டினார். நடிகர்களும் தொழில்நுட்பக்காரர்களும் கூலியைப் பெரிதாகப் பார்க்காமல் ஒரு படத்துக்கு உழைப்பார்கள். இரண்டாவது படத்துக்கும் அப்படியே வா என்று எந்த முகத்தோடு கூப்பிடுவது? சங்கம் கட்டிய எம்.பி. சீனிவாசனிடம் கேட்டிருந்தால் ஒரு பதில் சொல்லியிருப்பார். அவரும் 1988-இல் போய்விட்டார். மக்கள் சினிமா என்று மேடையில் பேசுபவர்கள் இந்தக் கூலிக் கேள்வியைத் தொடுவதே இல்லை என்பது எனக்கு உறுத்தல்தான். இலவச உழைப்பில் ஒரு படம் எடுக்கலாம், ஒரு வாழ்நாள் எடுக்க முடியாது.

வேலையை விட்டுவிட்டு இந்தப் பக்கம் வரலாமா என்று சொசைட்டிக்கு வரும் பையன்கள் என்னிடம் கேட்டதுண்டு. ஜான் விட்டாரே என்பார்கள். நான் எதுவும் சொன்னதில்லை. ஓய்வு பெறும் வரை எல்.ஐ.சி.யிலேயே இருந்தவன் சொல்லி என்ன மதிப்பு? ஒன்று மட்டும் கேட்பேன், படம் எடுத்தால் யார் தூக்கிக்கொண்டு போவார்கள் என்று. அநேகமாகப் பதில் வராது. இப்போது கேட்டால் இணையத்தில் ஏற்றிவிடுவேன் என்கிறார்கள், சரிதான். 'கழுதை'யும் 'அம்ம அறியா'னும் இன்று ஃபோனிலேயே கிடைக்கின்றன, நடுவில் யாரும் விளக்கைப் போட்டு அடுத்த ரீலை மாட்ட வேண்டியதில்லை, பீடி பற்றவைக்கிறவரும் இல்லை.

போன வருஷம் ஆர்.எஸ்.புரத்தில் நாலைந்து இளைஞர்கள் தேடிக்கொண்டு வந்தார்கள். சிங்காநல்லூர் பக்கம் ஒரு கல்யாண மண்டபத்து டைனிங் ஹாலில் 'அக்ரகாரத்தில் கழுதை' போடப்போகிறோம், நீங்கள் வந்து பேச வேண்டும், ஐயா என்றார்கள். மிஷின் என்ன என்று கேட்டேன். சின்ன டப்பாவாக ஒரு டிஜிட்டல் புரொஜெக்டரைப் பையிலிருந்து எடுத்துக் காட்டினார்கள், என் லென்ஸ் மட்டுமே அதைவிட கனம். ஹாலுக்குப் பணம்? பங்கு போட்டுக்கொண்டோம் என்றான் ஒருவன். முன்பணம் கட்டியது யார் என்றேன். இன்னொரு பையனைக் காட்டினான். அவன் ஒரு கூட்டுறவு பாங்கில் இருக்கிறானாம். அன்றைக்கு வேலை நாளாச்சே, எப்படி வந்தாய் என்று கேட்டேன்.

"அரை நாள் சி.எல். போட்டுட்டேங்கையா" என்றான்.